பேத்திக்கு ‘கதீஜா’ என்று வைக்கலாமா? பொருளைப் பார்த்துவிட்டுச் சம்பந்தி வீட்டில் தயங்குகிறார்கள்

பாபநாசம் நன்னி:

அஸ்ஸலாமு அலைக்கும். எல்லாருக்கும் வணக்கம்.

மகள் வயிற்றுப் பேத்தி பிறந்து இருபத்தாறு நாள் ஆகிறது. எட்டாம் மாதத்திலேயே அவசரப்பட்டு வந்துவிட்டாள். பிறந்தபோது 1 கிலோ 850 கிராம். கும்பகோணத்து ஆஸ்பத்திரியில் பதினாறு நாள் கண்ணாடிப் பெட்டிக்குள் கிடந்தாள். இப்போது என் மடியில் கிடக்கிறாள். இதை ஒரு கையால்தான் தட்டிக்கொண்டிருக்கிறேன், எழுத்துப் பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஏழாம் நாள் பேர் வைக்க முடியவில்லை. அகீகாவுக்கு, அதாவது பிள்ளை பிறந்ததற்குக் கொடுக்கிற குர்பானிக்கு, வாங்கிய கிடா கொல்லையில் நின்றுகொண்டு என் முருங்கைக் கன்றைத் தின்று தீர்த்துவிட்டது. கிடா தயார், பேர்தான் தயாராகவில்லை.

என் அம்மாவின் பேர் கதீஜா பீவி. குடமுருட்டிக் கரையில் எங்கள் தெருவில் யாரைக் கேட்டாலும் ‘கதிசாம்மா’ என்றால்தான் தெரியும். அத்தா பினாங்கில் மளிகைக் கடையில் இருந்தார். பணம் வருவது நின்றுபோன வருஷம் அம்மா காதில் கிடந்ததை விற்று இரண்டு எருமை வாங்கினார். விடியற்காலை சுபுஹு தொழுதுவிட்டுப் பால் கறந்து, தெருத் தெருவாக ஊற்றி, எங்கள் ஐந்து பேரையும் ஆளாக்கினார். கணக்கு முழுக்கச் சுவரில் கரிக்கோடுதான். ஒரு கோடு பிசகியது கிடையாது.

அந்தப் பேரையே வைக்கலாம் என்று மகளும் ஆசைப்பட்டாள். மருமகன் வெளிநாட்டில் இருக்கிறார். செல்லில் பொருள் தேடிப் பார்த்துவிட்டு, ‘கதீஜா என்றால் குறைமாதத்தில் பிறந்தவள் என்று போட்டிருக்கிறது’ என்றார். அவ்வளவுதான், சம்பந்தி அம்மா பிடித்துக்கொண்டார். ‘பிள்ளை பிறந்ததே குறைமாசம், பேரிலும் குறையை ஏற்றி வைக்கணுமா? நாளைக்குப் பள்ளிக்கூடத்தில் கேலி பண்ண மாட்டார்களா?’ என்கிறார். அவர் மேல் எனக்கு வருத்தம் இல்லை, பதினாறு நாளும் என்கூட அதே பெஞ்சில் உட்கார்ந்து தஸ்பீஹ் உருட்டியவர். அவர்கள் பக்கத்துப் பட்டியலில் இனாயா, அலினா என்று என்னென்னவோ இருக்கிறது. எனக்கு வாயில் நுழையவில்லை.

கேள்வி இதுதான். அந்தப் பொருள் உண்மையா? உண்மை என்றால் வைப்பது தப்பா? அப்புறம், பொருளும் நன்றாக இருந்து, பின்னால் சொல்ல ஒரு கதையும் இருக்கிற பேர் வேறு எது?

மதரசா டீச்சர், அய்யம்பேட்டை:

வஅலைக்கும் ஸலாம் அக்கா. முதலில் மருமகன் சொன்னது சரிதான், அவரைத் திட்டாதீர்கள். பெண் ஒட்டகம் நாள் நிறையுமுன் குட்டி போட்டால் அரபிகள் சொல்கிற வேர்ச்சொல்லிலிருந்துதான் கதீஜா வருகிறது. குர்ஆனின் முதல் அத்தியாயமான பாத்திஹா சூரா ஓதாத தொழுகை ‘கிதாஜ்’, அதாவது குறையுள்ளது என்று ஒரு ஹதீஸ் (நபிமொழி) இருக்கிறதே, அதுவும் இதே வேர்தான். இதை மழுப்பி ‘நம்பிக்கைக்குரியவள்’, ‘அழகானவள்’ என்றெல்லாம் போடுகிற பட்டியல்களைப் பார்த்தால் எனக்கு எரிச்சல் வரும்.

ஆனால் அந்தக் காலத்து அரபிகள் பேர் வைத்தது அகராதியைப் புரட்டி அல்ல. நம் பக்கம் குப்பம்மாள், பிச்சையம்மாள் என்று வைத்தார்களே, அந்த மாதிரி பிள்ளை பிறந்த சங்கதியே பேராகிவிடும். பாத்திமா என்றால் என்ன? பால் மறக்கச் செய்பவள். ராபியா என்றால் நாலாவது. பஸராவில் எட்டாம் நூற்றாண்டில் வாழ்ந்த ராபியா நாயகி வீட்டுக்கு நாலாவது பெண், அதனால் அந்தப் பேர். அடிமையாக இருந்து விடுதலை பெற்றவர். நரகத்துக்குப் பயந்தோ சொர்க்கத்துக்கு ஆசைப்பட்டோ இல்லாமல், அல்லாஹ்வை அல்லாஹ்வுக்காகவே நேசிக்க வேண்டும் என்று சொன்னவர் என்றுதான் உலகம் அவரைப் பேசுகிறது. ‘நாலாவது’ என்று யாராவது கேலி செய்தார்களா? ஹஃப்ஸா என்றால் சிங்கக்குட்டி. உமர் (ரலி) அவர்களின் மகள். ஏட்டில் தொகுத்த குர்ஆன் அவர் பொறுப்பில்தான் இருந்தது. உஸ்மான் (ரலி) காலத்தில் பிரதிகள் எடுத்தபோது அவரிடமிருந்துதான் வாங்கினார்கள்.

இப்போது முக்கியமான விஷயத்துக்கு வருகிறேன். நபிகள் நாயகம் (ஸல்) பொருள் சரியில்லாத பேர்களை மாற்றி வைத்தவர்கள். உமர் (ரலி) வீட்டுப் பெண் ஒருவருக்கு ‘ஆஸியா’ என்று பேர், மாறு செய்பவள் என்று பொருள். அதை ஜமீலா என்று மாற்றினார்கள். (எகிப்து மன்னன் பிர்அவ்னின் மனைவி ஆசியா வேறு, அரபியில் எழுத்தே வேறு. தமிழில் எழுதினால் இரண்டும் ஒன்றாகி, பூகோளப் பாடத்துக் கண்டமும் கூடச் சேர்ந்துகொள்ளும். அந்தப் பேர் வைப்பவர்கள் அரபியில் எழுதிப் பார்த்துவிடுங்கள்.) அதைவிட வேடிக்கை, நல்ல பொருள் உள்ள பேரையும் மாற்றியிருக்கிறார்கள். ‘பர்ரா’ என்றால் புண்ணியவதி. தன்னைத் தானே மெச்சிக்கொள்வதுபோல் இருக்கிறது என்று ஒருவருக்கு ஜைனப் என்றும், இன்னொருவருக்கு ஜுவைரியா, அதாவது சின்னப் பெண் என்றும் வைத்தார்கள். பேர் விஷயத்தில் இவ்வளவு கவனமாக இருந்தவர்கள் தன் சொந்த மனைவி கதீஜாவின் பேரில் கை வைக்கவில்லை. சம்பந்தி அம்மாவிடம் இதை மட்டும் சொல்லுங்கள் அக்கா.

கதீஜா நாயகி மக்காவில் பெரிய வியாபாரி. ஷாம் (சிரியா) தேசத்துக்குச் சரக்கு அனுப்பி ஆள் வைத்து நடத்தியவர். ஹிரா குகையிலிருந்து நடுங்கிக்கொண்டு வந்த நபியவர்களைப் போர்த்தி, தைரியம் சொல்லி, முதலில் ஈமான் (நம்பிக்கை) கொண்டவரும் அவர்தான். 619-இல் மறைந்தார். மக்காவின் ஜன்னத்துல் முஅல்லா அடக்கத்தலத்தில் அடக்கம். எருமை வாங்கிப் பால் ஊற்றியவருக்கு இந்தப் பேர் எவ்வளவு பொருத்தம் என்று நீங்கள் எழுதியதைப் படிக்கும்போதே தோன்றியது.

ஷார்ஜா ஜன்னல்:

என் மகள் பேர் இனாயா! அரபியில் அக்கறை, பார்த்துக்கொள்ளுதல் என்று பொருள், நல்ல பேர்தான். ஆனால் ஒன்றை ஒத்துக்கொள்கிறேன். முத்துப்பேட்டையில் என் உம்மா கூப்பிடும்போது ‘என்னாயா’ என்றுதான் வாயில் வருகிறது. பேத்தி ‘ஒண்ணுமில்லே’ என்கிறாள்.

புதுசாகவும் வேண்டும், பழசாகவும் வேண்டும் என்றால் ரைஹானா பாருங்கள். ரைஹான் என்பது குர்ஆனிலேயே வருகிற சொல், வாசனைச் செடி. அரபுக்காரர்கள் இன்று ரைஹான் என்று கடையில் விற்பது நம் திருநீற்றுப் பச்சிலையைத்தான். சர்பத்தில் போடுகிற சப்ஜா விதை அதன் விதை.

நாகூர்க்காரி:

டீச்சர் சொன்னதற்கு மேல் மார்க்க விஷயம் சொல்ல எனக்குத் தெரியாது. எங்கள் ஊர்ப் பேர்களைப் பற்றிக் கொஞ்சம்.

நாகூரில் எஜமான், அதாவது ஷாகுல் ஹமீது ஆண்டகை, அடங்கியிருக்கும் தர்காவிலேயே மகனார் யூசுப் சாகிபும், மருமகளார் சுல்தானா பீவியும் அடங்கியிருக்கிறார்கள். அதனால்தான் எங்கள் பக்கம் வீட்டுக்கு ஒரு சுல்தானா. டெல்லியை 1236 முதல் 1240 வரை ஆண்ட ரஸியா சுல்தானாவை நினைத்து வைத்த பேர் என்று வெளியூர்க்காரர்கள் நினைப்பார்கள். எங்களுக்கு அவ்வளவு தூரம் போக வேண்டியதில்லை. மீராம்மாள் என்ற பேரும் அப்படித்தான், எஜமானின் இன்னொரு பேரான மீரான் சாகிபு என்பதிலிருந்து வந்தது. என் பெரியம்மா மீராம்மாளிடம் ஆஸ்பத்திரியில் ஒரு நர்ஸ், ‘கண்ணன் பாட்டு தெரியுமா பாட்டி?’ என்று கேட்டாராம். ‘தெரியும், ஆனா மூச்சு வாங்குது’ என்று பெரியம்மா சமாளித்துவிட்டார்.

அப்புறம் ‘சித்தி’. சித்தி கதீஜா, சித்தி பாத்திமா என்று பழைய பேர்களில் வருமே, அது அம்மாவின் தங்கை இல்லை. அரபியில் ‘சய்யிததீ’, என் தலைவி என்பது தேய்ந்து சித்தி ஆனது. மலாய்க்காரர்களும் அப்படியே வைக்கிறார்கள். 1930-களிலேயே நாவல் எழுதிய எங்கள் ஊர் சித்தி ஜுனைதா பேகத்தை எழுத்துலகம் அறியும். ஜுனைத் என்றால் சின்னப் படை. பேரிலேயே ஒரு தலைவியும் ஒரு படையும்!

லாத்தா, உங்கள் இரண்டாவது கேள்விக்கு என் ஓட்டு நபீசா. விலைமதிப்புள்ளவள் என்று பொருள். நபியின் பேரர் ஹஸன் (ரலி) அவர்களின் வம்சத்தில் வந்த நபீசா நாயகி கெய்ரோவில் 824-இல் மறைந்தார். எங்கள் மத்ஹபு (மார்க்கச் சட்டப் பிரிவு) இமாம் ஷாஃபி அவரிடம் போய் ஹதீஸ் கேட்டவர். இமாம் 820-இல் மறைந்தபோது ஜனாஸாவை அந்த அம்மா வீட்டுக்கே கொண்டுபோய், அவர் தொழுத பிறகுதான் எடுத்துப்போனார்கள் என்பார்கள். இந்தச் சம்பவத்தை என் வாப்பா சொல்லும்போதெல்லாம் உம்மா அடுப்படியிலிருந்து தலையை நீட்டி, ‘யார் வீட்டுக்குக் கொண்டுபோனாங்க? திரும்பச் சொல்லுங்க’ என்பார்.

பாபநாசம் நன்னி:

டீச்சரம்மா, பர்ரா விஷயத்தைச் சம்பந்தியிடம் வாசித்துக் காட்டினேன். ‘அப்படியா?’ என்று கேட்டுவிட்டு அரை மணி நேரம் பேசவே இல்லை. அப்புறம் ஒரு டம்ளர் டீ போட்டுக் கொடுத்தார். நல்ல சகுனம் என்று எடுத்துக்கொள்கிறேன்.

ஒரு சந்தேகம். என் அம்மாவின் பேர் ரேஷன் கார்டில் கதிஜா, வாக்காளர் அட்டையில் கதிசா பீவி, பட்டாவில் காதிசா பீ. மூன்றும் ஒரே ஆள் என்று நிரூபிக்க நாங்கள் அலைந்தது கொஞ்சமல்ல. பேத்திக்கு அந்தத் தலைவலி வராமல் எப்படி எழுதுவது?

திருவாரூர் சேவை மையத் தம்பி:

அம்மா, தினமும் இதைத்தான் பார்க்கிறேன். செய்னம்பு, ஜைனம்பு, ஜெய்னாப் மூன்றும் ஒரே பாட்டி. ஒரு நாள் ஆதார் திருத்தத்துக்கு வந்த பதினேழு பேரில் ஆறு பேர் பாத்திமா, ஆறும் ஆறு விதம்.

பிறப்பைப் பதிவு செய்தாகிவிட்டது, பேர் மட்டும் இல்லை என்றால் பதறவே வேண்டாம். பதிவான 12 மாதத்துக்குள் பேரைச் சேர்த்தால் கட்டணம் கிடையாது. அதற்குப் பிறகு தாமதக் கட்டணம் உண்டு. அதனால் அவசரத்தில் ஏதோ ஒன்றைக் கொடுத்துவிட்டு வராதீர்கள். இங்கிலீஷில் வெறும் கே-யா, கே-ஹெச்-சா, கடைசியில் ஒரு ஏ-யா, ஏ-ஹெச்-சா என்று வீட்டில் எல்லாரும் உட்கார்ந்து முடிவு செய்து, ஒரு காகிதத்தில் எழுதி, அலமாரிக் கதவின் உள்பக்கம் ஒட்டிவிடுங்கள். இனி எந்த பாரம் நிரப்பினாலும் அந்தக் காகிதத்தைப் பார்த்துத்தான் எழுத வேண்டும். பீவி, பேகம், பானு எது சேர்த்தாலும் முதல் நாளே சேருங்கள். ஆதாரில் ஒன்று, பாஸ்போர்ட்டில் ஒன்று என்றால் பத்தாம் வகுப்பு மார்க் ஷீட் வரும்போது என்னிடம்தான் வந்து நிற்பீர்கள்.

மதரசா டீச்சர், அய்யம்பேட்டை:

ஒன்று விட்டுப்போய்விட்டது. இஸ்லாத்துக்கு முன்பே மக்காவில் கதீஜா நாயகிக்கு இன்னொரு பேர் வழக்கில் இருந்தது, ‘தாஹிரா’. தூய்மையானவள். சம்பந்தி அம்மாவுக்கு இன்னும் மனசு ஆறவில்லை என்றால் இரண்டையும் சேர்த்து வையுங்கள். இரண்டுமே ஒருவரின் பேர்தான், அதனால் யாருக்கும் விட்டுக்கொடுத்த மாதிரி இருக்காது.

பாபநாசம் நன்னி:

நேற்று அஸருக்குப் பிறகு பேர் வைத்தாயிற்று. முடி இறக்கினோம், அது கைக்குள் அடங்குகிற அளவுதான் இருந்தது. கிடாவும் போய்ச் சேர்ந்தது. முருங்கைக் கன்றின் கணக்கை அதோடு முடித்துக்கொண்டேன். தெருவில் எல்லா வீட்டுக்கும் கறி கொடுத்தோம், அம்மாவிடம் பால் வாங்கிய ஐயர் வீட்டுக்கு மட்டும் பழமும் கற்கண்டும்.

கதீஜா தாஹிரா. அலமாரிக் கதவில் காகிதம் ஒட்டியாயிற்று. கே-ஹெச், கடைசியில் ஹெச் கிடையாது. மருமகன் வீடியோவில் பார்த்துச் சரி என்றார்.

சம்பந்தி அம்மா தாஹிரா என்றே கூப்பிடுகிறார். எனக்குக் கதிசா என்றுதான் வருகிறது, அதை மாற்ற முடியவில்லை. இன்று காலை எடை 2 கிலோ 300. இரண்டு பேருக்கும் திரும்பவில்லை, பால் பாட்டில் சத்தத்துக்கு மட்டும் திரும்புகிறாள்.