கருப்பசாமி குடும்பம் (குழு): காதுகுத்து மோருக்கு ஐஸ்

செல்வம்: ஞாயித்துக்கிழமைக்கு ஐஸ் சொல்லணும். 60 லிட்டர் அண்டா, மோரு. எத்தன கிலோ? கடைக்காரர் இப்பவே கேக்குறார்

பாண்டி சித்தப்பா: 5 போதும்

கார்த்தி: 30 சொல்லுங்கண்ணே

ராஜி அத்தை: வளைகாப்பு மாதிரி தண்ணியாயிடாம

பெரியப்பா: இருங்கப்பா, கணக்குப் பாத்துச் சொல்றேன். அக்னி நட்சத்திரம், தொட்டித் தண்ணி 32 டிகிரின்னு வைங்க. 12க்கு வந்தா தொண்டைக்கு இதம். மோரையும் தண்ணி மாதிரியே எடுத்துக்கலாம். 1 கிலோ தண்ணி 1 டிகிரி இறங்க 1 கிலோகலோரி வெப்பம் வெளியேறணும். 60 லிட்டர்னா 60 கிலோ, 20 டிகிரி இறங்கணும்: 1200 கிலோகலோரி வெளியேறணும்

ராஜி அத்தை: சீர்த்தட்டு எத்தன செல்வம்? 11ஆ 21ஆ?

மீனா: அத்த அது அப்புறம்

பெரியப்பா: 1 கிலோ ஐஸ் உருக மட்டுமே 80 கிலோகலோரி இழுக்கும். உருகின தண்ணி 0ல இருந்து 12க்கு ஏற இன்னொரு 12. மொத்தம் 92. 1200ஐ 92ஆல வகுங்க, 13 கிலோ

கார்த்தி: எனக்கு 100 கிலோ வருது பெரியப்பா

பெரியப்பா: 12ஆல மட்டும் வகுத்திருப்ப. 80ஐ விட்டுட்ட. அதுதாம்பா உள்ளுறை வெப்பம். 1760கள்ல ஜோசப் பிளாக் கண்டு சொன்னது. ஐஸ் உருகி முடியிற வரைக்கும் வெப்பம் உள்ள போய்க்கிட்டே இருக்கும், தெர்மாமீட்டர் 0லயே நிக்கும்

மீனா: அண்டாவே 60 லிட்டர்தான பெரியப்பா. ரொப்பிட்டு 13 கிலோ போட்டா வழியாதா?

பெரியப்பா: சரியாச் சொன்னம்மா. அப்ப 49 லிட்டர் மோரு, 11 கிலோ ஐஸ். உருகினா 60. தயிரும் உப்பும் 60க்குப் போடுங்க, கெட்டியா கலக்குங்க. வளைகாப்புல மோரு தண்ணியானது ஐஸ் உருகினதால. ராஜி கலக்குனதுல தப்பில்ல. அன்னைக்கே நான் சொல்லியிருக்கணும்

ராஜி அத்தை: 2 வருசமாச்சுண்ணே 🙏

பாண்டி சித்தப்பா: நாந்தான் சத்தம் போட்டேன். மனசுல வச்சுக்காதக்கா

சங்கீதா: பார் ஐஸ் குடிக்கிற தண்ணியில பண்ணதான்னு கேளுங்க. மீன் பெட்டிக்குப் போறதுன்னா மோருக்குள்ள போடவே கூடாது, பிள்ளைங்க குடிக்கும்

செல்வம்: கேக்குறேன். இல்லன்னா அண்டாவச் சுத்தி வைக்கலாமா?

பெரியப்பா: வைக்கலாம், ஆனா 11 பத்தாது. பாதிக் குளிர்ச்சி காத்துக்கே போயிரும். பெரிய தொட்டியில அண்டாவ எறக்கி, சுத்தி ஐஸும் தண்ணியும் விட்டு, வெளிய ஈரச்சாக்கு. மோரக் கிண்டிக்கிட்டே இருக்கணும். கோயில்ல தொட்டி இருக்கா?

பாண்டி சித்தப்பா: பூசாரிய கேக்கணும்

செல்வம்: அப்ப 11ஆ 25ஆ?

ராஜி அத்தை: தட்டு 21ன்னு வச்சுக்க

செல்வம்: அத்த நான் ஐஸக் கேட்டேன்