மீன் பேஸ்ட்ரி அடிப்பக்கம் வேகவில்லை, பட்டர் தட்டில் வழிகிறது: உதவி தேவை

வெள்ளவத்தைப் பிள்ளை

எல்லோருக்கும் வணக்கம். ஞாயிற்றுக்கிழமை அம்மம்மாவின் பிறந்தநாள், பின்னேரத் தேத்தண்ணியோடு வைக்க மீன் பேஸ்ட்ரி செய்யப் போகிறேன். பேக்கரியில் வாங்குகிற உருளைக்கிழங்கு, மீன் கலவை இல்லை. சூரை மீனைக் கொறுக்காய்ப் புளி, மிளகு போட்டு, அம்புல்தியல் என்கிற சிங்களப் புளிமீன் முறையில் சமைத்து உதிர்த்து, மேலே கொஞ்சம் சீனிச்சம்பல் (இனிப்பு வெங்காயச் சம்பல்) வைத்து, பட்டர் மடித்த பிரெஞ்சு மாவில் சின்னச் சதுரமாக மூடிச் சுடுகிறேன். ருசி அருமையாக வருகிறது, அதனால்தான் விட மனமில்லை. ஆனால் மேலே பொன்னிறமாக வந்த பிறகும் அடி பச்சை மாவாகவே இருக்கிறது, தட்டில் பட்டர் தேங்கி நிற்கிறது, இதழ் இதழாகப் பிரிவதே இல்லை.

மேசையில் வைக்கிற சின்ன ஓவன், 180 டிகிரி, நடுத்தட்டு, 25 நிமிடம். மாவு வீட்டில் பிசைந்தது, சமையலறையில் ஏசி இல்லை. மீன் காய்ந்து போகாமலிருக்கக் கொஞ்சம் தேங்காய்ப்பால் விடுகிறேன். ஓவனைத்தான் மாற்ற வேண்டுமா?

கொட்டாஞ்சேனை வெதுப்பகம்

ஓவனை மாற்ற வேண்டாம் தங்கச்சி, முதலில் சூட்டை மாற்றுங்கள். 180 இந்த மாவுக்குக் காணாது. பட்டரிலும் மாவிலும் உள்ள தண்ணீர் சட்டென்று ஆவியாகி மேலே தள்ளினால்தான் இதழ் பிரியும். சூடு குறைந்தால் மாவு இறுகும் முன்பே பட்டர் உருகி வெளியே ஓடிவிடும், அதுதான் உங்கள் தட்டில் நிற்பது. 210 வரை நன்றாகச் சூடாக்கி, 15 நிமிடம் அதில் வைத்து, பிறகு 190க்குக் குறையுங்கள். கீழ்த்தட்டில் வையுங்கள். இரும்புத் தட்டு ஒன்றை ஓவனோடு சேர்த்துக் காயவிட்டு, பேஸ்ட்ரியைப் பேக்கிங் தாளோடு அப்படியே அதன்மேல் தள்ளிவிட்டால் அடி உடனே வேகத் தொடங்கும்.

ஆனால் பாதிப் பிரச்சினை ஓவனுக்குப் போகும் முன்பே நடந்துவிடுகிறது. பட்டர் 32, 35 டிகிரியில் முழுதாக உருகும், மடிப்பதற்கு 15க்குப் பக்கத்தில் இருந்தால்தான் மாவோடு சேர்ந்து நீளும். கொழும்பில் பகல் முழுக்க 30 டிகிரி. அந்தச் சமையலறையில் தொடர்ந்து மடித்தால் பட்டர் மாவுக்குள் ஊறிவிடும், பிறகு எவ்வளவு சூடு கொடுத்தாலும் இதழ் வராது. விடியற்காலையில் செய்யுங்கள். ஒவ்வொரு மடிப்புக்கும் நடுவில் அரை மணி நேரம் பிரிட்ஜில், வடிவம் வெட்டி மூடிய பிறகு 20 நிமிடம் ஃபிரீசரில். கூரான கத்தியால் ஒரே வெட்டாக வெட்டுங்கள். முட்டையை மேலே மட்டும் பூச வேண்டும், வெட்டிய ஓரத்தில் வழிந்தால் இதழ்கள் ஒன்றோடொன்று ஒட்டிவிடும்.

பேக்கரிகளில் பேஸ்ட்ரி மாஜரின் போடுவது இந்த வெக்கைக்காகத்தான், அது லேசில் உருகாது. வேலை சுலபம், ஆனால் சாப்பிட்ட பிறகு மேலண்ணத்தில் மெழுகாக ஒட்டும். அம்மம்மாவுக்கென்றால் பட்டரே போடுங்கள்.

தெஹிவளை அக்கா

பிள்ளை, தேங்காய்ப்பாலை விட்டுவிடுங்கள். மாவு பற்றித் தம்பி சொன்னது எல்லாம் சரி, ஆனால் ஈரமான மீனை உள்ளே வைத்தால் அந்த மாவும் அடியில் களியாகத்தான் வரும். அம்புல்தியல் தென்கரையில் மீனைக் கெடாமல் வைத்திருக்கச் செய்த முறை. சட்டியில் தண்ணீர் முழுதாக வற்றி, கொறுக்காய் மீனில் கறுப்பாகப் பிடிக்கிற வரைக்கும் விட வேண்டும். அந்தக் காய்ந்த பதம்தான் பேஸ்ட்ரிக்கு ஏற்றது, அதைப் பாலால் இளக்குவது அநியாயம். மீன் சக்கையாக இருக்குமென்று பயந்தால், மசித்த உருளைக்கிழங்கு இரண்டு கரண்டி சேருங்கள், ஈரத்தையும் இழுத்துக்கொள்ளும்.

சீனிச்சம்பலை வடியில் போட்டு எண்ணெய் இறங்க விடுங்கள். மாவில் முதலில் வறுத்த பாண்தூள் கொஞ்சம், அதன்மேல் சம்பல், அதன்மேல் மீன். எல்லாம் பிரிட்ஜில் ஆறிக் குளிர்ந்த பிறகே மாவில் வைக்க வேண்டும். இளஞ்சூட்டில் வைத்தாலே உள் இதழ்ப் பட்டர் உருகிவிடும். மேலே கத்தி நுனியால் ஒரு கீறல் போடுங்கள், ஆவி போக வழி வேண்டும்.

வத்தளை அண்ணா

மீனைப் பற்றி ஒன்று சொல்லியே ஆக வேண்டும். சூரை, கெலவல்லா (சூரை இனத்துப் பெரிய மீன்) மாதிரி மீன்கள் வெக்கையில் கிடந்தால் ஹிஸ்டமின் என்கிற ஒவ்வாத பொருள் உண்டாகும். அது சமைத்தாலும் போகாது, ஃபிரீசரில் வைத்தாலும் போகாது, மணத்திலும் எப்போதும் தெரியாது. சாப்பிட்ட கொஞ்ச நேரத்தில் முகம் சிவந்து, தலை இடித்து, உடம்பெல்லாம் தடிக்கும். வயதானவர்கள் வருகிற விருந்து என்பதால்தான் சொல்கிறேன். பேலியகொடையோ வெள்ளவத்தைச் சந்தையோ, ஐஸில் கிடக்கிற மீனை வாங்கி, ஐஸோடேயே வீட்டுக்குக் கொண்டுவந்து உடனே சமையுங்கள். வெயிலில் பலகையில் வெட்டி வைத்த துண்டு மலிவாகக் கிடைத்தாலும் வேண்டாம்.

வெள்ளவத்தைப் பிள்ளை

மூன்று பேருக்கும் நன்றி. தேங்காய்ப்பால் இல்லாமல், சூட்டைக் கூட்டி, அடியில் காய்ந்த தட்டு வைத்து நாலைந்து மட்டும் சுட்டுப் பார்த்தேன். அடி மொறுமொறுவென்று வந்துவிட்டது, பட்டர் வழியவில்லை! ஓரத்தில் மட்டும் இதழ் இன்னும் கொஞ்சம் விரியலாம். இப்போது வேறு கவலை. ஞாயிறு காலை எனக்கு நேரமில்லை, விருந்து தெஹிவளையில் சித்தி வீட்டில். முந்தின நாளே சுட்டு வைக்கலாமா?

கொட்டாஞ்சேனை வெதுப்பகம்

சுட்டு வைக்காதீர்கள், நமத்துப்போகும். சனிக்கிழமை மூடி, சுடாமலே ஃபிரீசரில் தட்டோடு இறுக விட்டு, பிறகு டப்பாவில் போடுங்கள். ஞாயிறு உறைந்தபடியே ஓவனுக்குள், ஐந்தாறு நிமிடம் கூடுதலாக. உறைந்த மாவு இன்னும் நன்றாக விரியும், உங்கள் ஓரப் பிரச்சினையும் தீர்ந்துவிடும். சித்தி வீட்டில் ஓவன் இருந்தால் ஐஸ் பெட்டியில் கொண்டுபோய் அங்கேயே சுடுவதுதான் நல்லது.

தெஹிவளை அக்கா

இல்லையென்றால் வீட்டில் சுட்டுக் கம்பித்தட்டில் ஆறவிட்டு, அட்டைப்பெட்டியில் தாள் விரித்து, மூடியைக் கொஞ்சம் திறந்தபடி கொண்டுபோங்கள். பிளாஸ்டிக் டப்பா வேண்டாம், ஆவி உள்ளேயே நின்றுவிடும். மீன் வைத்தது என்பதால் ஓவனிலிருந்து எடுத்து இரண்டு மணி நேரத்துக்குள் பரிமாறிவிடுங்கள், போகிற வழி நேரமும் அதில் சேர்த்தி. வெக்கை 32ஐத் தாண்டினால் ஒரு மணி நேரம்தான்.