மிக் லிஞ்ச் பேட்டி பார்த்தீர்களா?

ஈசூன்வாசி:
2022 ஜூனில் பிரிட்டனில் ரயில் வேலைநிறுத்தம் நடந்தபோது ரயில் தொழிலாளர்களின் ஆர்எம்டி சங்கத்தின் அப்போதைய பொதுச்செயலாளர் மிக் லிஞ்ச் ஸ்கை நியூஸுக்குக் கொடுத்த பேட்டியை நேற்று மறுபடி பார்த்தேன். அவரைத் திட்டியவர்கள் உண்டு, ஆனால் எனக்கு மரியாதைதான் வந்தது. நம் சிங்கப்பூரில் ஒருவர் இப்படி நிற்க முடியுமா?

தெம்பனிஸ் ராணி:
வேலைநிறுத்தம் செய்பவர்களுக்குப் பதிலாக ஏஜென்சி ஆட்கள் வந்தால் மறியலில் என்ன செய்வீர்கள் என்று பேட்டி எடுத்த கே பர்லி விடாமல் கேட்க, லிஞ்ச் தன் பின்னால் சும்மா நின்றவர்களைக் கைகாட்டினாரே, அந்த இடம்! ஆனாலும் அன்று வேலைக்குப் போக முடியாதவர்களை நினைத்தால் எனக்கு மனசு ஒப்பவில்லை.

பழைய தொழிலாளி:
இங்கே கஷ்டம் தம்பி. 2012 நவம்பரில் எஸ்எம்ஆர்டி போக்குவரத்து நிறுவனத்தில் சீனாவிலிருந்து வந்த பஸ் ஓட்டுநர்கள் 171 பேர் சம்பளம், தங்குமிடம் சரியில்லை என்று வேலைக்குப் போகவில்லை. பஸ் அத்தியாவசியச் சேவை, 14 நாள் முன்னறிவிப்பு வேண்டும், அது இல்லாததால் சட்டவிரோதம் என்று ஐந்து பேர் சிறைக்குப் போனார்கள். 1986க்குப் பிறகு அதுதான் முதல் வேலைநிறுத்தம்.

ஜூரோங் குமார்:
கப்பல் பட்டறையில் எனக்கு மூன்று மாத ஓவர்டைம் காசு வராதபோது, சங்கத்து அண்ணன் ஒருவர் சம்பளச் சீட்டை மேசையில் விரித்து வரிவரியாகப் பென்சிலால் கோடு போட்டுக் காட்டினார். அப்புறம்தான் காசு வந்தது. டிவியில் வராவிட்டாலும் எனக்கு அவர்தான் தலைவர்.