சால்வை போர்த்தி அனுப்பினார்கள், பணிக்கொடையைத் தரவில்லை

கோவையிலிருந்து, நூற்பாலையில் பணியாற்றி ஓய்வு பெற்றவர்:

கோவையை அடுத்த ஒரு நூற்பாலையில் 30 ஆண்டு 8 மாதம் ஸ்டோர் கீப்பராக இருந்து, 2016 ஜூன் 30 அன்று ஓய்வு பெற்றேன். அன்று மாலை சால்வை போர்த்தி, ‘அப்பழுக்கற்ற பணி’ என்று எழுதிய பாராட்டு மடலையும் கையில் கொடுத்து, மில் காரிலேயே வீட்டில் கொண்டுவந்து விட்டார்கள். மூன்று வாரம் கழித்து பணிக்கொடை (கிராஜுவிட்டி) பற்றிக் கேட்கப் போனபோது, உதிரிபாக இருப்பில் 1,84,000 ரூபாய் குறைவதாகவும், அந்தக் கணக்குத் தீரும்வரை ‘நிலுவை இல்லை’ சான்று தர இயலாது என்றும், என் மகன் வயதில் இருந்த மேலாளர் என்னை நிற்க வைத்தே சொல்லி அனுப்பினார்.

ஐந்து மாதம் நடையாய் நடந்தேன். அந்த ஐந்து மாதத்தை நானே வீணடித்தேன் என்றுதான் இப்போது தோன்றுகிறது. அப்போது நடைமுறையில் இருந்த 1972ஆம் ஆண்டுப் பணிக்கொடை வழங்கல் சட்டப்படி, தொகை தரப்பட வேண்டிய நாளிலிருந்து 30 நாளுக்குள் நிர்வாகம் அதைக் கொடுத்தாக வேண்டும். தவறினால் வட்டியும் சேரும். தொழிற்சங்கத்தில் இருந்த பழைய நண்பர் ஒருவர் சொல்லித்தான் முதலில் நிர்வாகத்துக்குப் பணிக்கொடை கேட்கும் விண்ணப்பமான படிவம் ‘ஐ’யைப் பதிவுத் தபாலில் அனுப்பி ஒப்புகை அட்டையைப் பத்திரப்படுத்தினேன். பதில் வராததால் தொழிலாளர் உதவி ஆணையரிடம், பணிக்கொடை தர உத்தரவிடக் கோரும் படிவம் ‘என்’ கொடுத்தேன். காலம் கடந்ததற்கான காரணத்தையும் தனியே எழுதி இணைக்க வேண்டியிருந்தது.

நிர்வாகத் தரப்பு வழக்கறிஞர் ஐந்து முறை வாய்தா வாங்கினார். எதிர்வுரை வந்தபோது அதில் இழப்பு பற்றிய பேச்சே நிறைந்திருந்தது. ஆனால், ஊழியரின் செயலால் ஏற்பட்ட இழப்புக்காகப் பணிக்கொடையைப் பிடிக்க வேண்டுமானால், அந்தச் செயலுக்காக அவர் பணிநீக்கம் செய்யப்பட்டிருக்க வேண்டும் என்று அந்தச் சட்டத்தின் 4ஆம் பிரிவின் 6ஆம் உட்பிரிவு சொன்னது. என் மீது ஒரு குற்றச்சாட்டுக் குறிப்பாணைகூட வந்ததில்லை. வயது முதிர்வில்தான் வெளியேறினேன். இருப்பெடுப்பு நடந்ததோ ஜூலை 11 அன்று. எனக்கு அடுத்து வந்தவர் பொறுப்பு ஒப்படைப்புப் பட்டியலில் கையெழுத்திட்டதோ ஜூன் 29 அன்று. பட்டியலின் நகல் என்னிடம் இருந்தது. குறுக்கு விசாரணையில் பாராட்டு மடலைக் காட்டி, ‘இது உங்கள் கையெழுத்துதானே?’ என்று கேட்டபோது மேலாளர் ஆமாம் என்று சொல்லிவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டார். சுவரில் மாட்டுவதற்கென்று கொடுத்த மடல் ஒரு சான்றாவணமாகும் என்று கொடுத்தவர்களும் நினைத்திருக்க மாட்டார்கள், வாங்கிய நானும் நினைக்கவில்லை.

அடுத்த சண்டை கணக்கில். அடிப்படைச் சம்பளமும் பஞ்சப்படியும் சேர்ந்து மாதம் 22,100 ரூபாய். நிர்வாகம் அதை 30ஆல் வகுத்து, ஆண்டுகளையும் 30 என்று வைத்து 3,31,500 ரூபாய் என்றது. சட்டப்படி வகுக்க வேண்டியது 26ஆல். ஆறு மாதத்துக்கு மேற்பட்ட காலம் ஓர் ஆண்டாகக் கொள்ளப்படும் என்பதால் ஆண்டுகளும் 31. ஆகவே ஓர் ஆண்டுக்கான 15 நாள் ஊதியம் 12,750, 31 ஆண்டுக்கு மொத்தம் 3,95,250 ரூபாய். பத்து விழுக்காடு தனிவட்டியுடன் இந்தத் தொகைக்கே உத்தரவு வந்தது. மேல்முறையீடு செய்வதென்றால் தொகையை முதலில் கட்டியாக வேண்டும் என்பதால், அதுவரை வீறாப்பாகப் பேசியவர்கள் மேலே போகவில்லை.

மதுரையிலிருந்து, அரசு ஊழியரின் மனைவி:

என் கணவர் இளநிலை உதவியாளராகச் சேர்ந்து உதவியாளராக ஓய்வு பெற்றார். ஓய்வுக்கு இரண்டு மாதம் முன்பு தணிக்கையில் எழுந்த ஆட்சேபம் ஒன்றைக் காட்டி, 2004இல் தவறாக ஊதிய உயர்வு வழங்கப்பட்டதாகச் சொல்லி, பணிக்கொடையில் 96,000 ரூபாயைப் பிடித்துக்கொண்டார்கள். தவறு அலுவலகத்துடையது, இவர் எதையும் மறைக்கவில்லை. உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் நீதிப்பேராணை மனு போட்டோம். சி பிரிவு, டி பிரிவு எனப்படும் கீழ்நிலை ஊழியர்களிடமிருந்தும், ஓய்வு பெற்றவர்கள் அல்லது ஓராண்டுக்குள் ஓய்வு பெற இருப்பவர்களிடமிருந்தும் இவ்வாறு பிடித்தம் செய்யக் கூடாது என்று பஞ்சாப் அரசுக்கும் ரஃபீக் மசீஹுக்கும் இடையிலான வழக்கில் 2014 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் சொன்னதையே எங்கள் வழக்கறிஞர் முழுதும் நம்பினார். கூடுதலாகப் பெற்றிருந்தால் திருப்பித் தருவேன் என்று இவர் எழுதிக் கொடுத்திருக்கிறாரா என்பதுதான் எதிர்த்தரப்பு தேடிய காகிதம், ஏனெனில் அப்படி ஒன்று இருந்தால் வழக்கின் போக்கே மாறியிருக்கும். பணிப்பதிவேடு முழுவதும் புரட்டியும் அது கிடைக்கவில்லை. பணம் திரும்பி வந்தபோது இவருக்கு இதய அறுவை சிகிச்சை முடிந்திருந்தது. அதற்கு வாங்கிய கடனை அடைக்கத்தான் அது சரியாக இருந்தது.

திருப்பூரிலிருந்து, சாயப்பட்டறைத் தொழிலாளி:

மேலே இருவருக்கும் பணம் வந்துவிட்டது. எனக்கு உத்தரவு மட்டும் வந்திருக்கிறது. 1,42,000 ரூபாய் தர வேண்டிய பட்டறையைப் பூட்டிவிட்டார்கள். அதே பணிக்கொடைச் சட்டத்தின் எட்டாம் பிரிவின் கீழ் வசூல் சான்று பெற்று, நிலவரி பாக்கியைப் போல வசூலித்துத் தருமாறு அது மாவட்ட ஆட்சியருக்குப் போய், அங்கிருந்து வட்டாட்சியர் அலுவலகத்துக்கு வந்திருக்கிறது. இயந்திரங்கள் வங்கிக்கு அடமானம் என்றும், கட்டடம் முதலாளியின் மைத்துனர் பெயரில் இருக்கிறது என்றும் கிராம நிர்வாக அலுவலர் எழுதி அனுப்பிவிட்டார். வில்லங்கச் சான்று எடுத்துப் பார்த்தேன்; கட்டடம் கைமாறியது என் மனு தாக்கலான பிறகுதான். அந்த நகலை இணைத்து மறுபடியும் எழுதிக் கொடுத்திருக்கிறேன்.