தாத்திரி வழக்கை மேடையேற்ற உதவி வேண்டும்

அனைவருக்கும் வணக்கம். 1905-இல் கொச்சி அரசில் நடந்த குறியேடத்து தாத்திரியின் ஸ்மார்த்த விசாரத்தை, அதாவது கேரளப் பிராமணர்களான நம்பூதிரிகளின் சாதி ஒழுக்க விசாரணையை, தமிழ் நாடகமாக எழுதி வருகிறேன். நடத்தை தவறியதாக ஐயுறப்பட்ட நம்பூதிரிப் பெண்ணைத் தனியே அடைத்துவைத்து, பெயர் சொல்லாமல் 'சாதனம்', அதாவது பொருள், என்றே குறிப்பிட்ட அந்த நடைமுறையில், விசாரணையை நடத்தும் ஸ்மார்த்தன் எழுப்பும் கேள்விகளுக்கு அவள் கதவுக்குப் பின்னால் மறைந்து நின்றே விடையளிக்க வேண்டும்.

என் சிக்கல் அந்தக் கதவில்தான் இருக்கிறது. மையப் பாத்திரத்தின் முகத்தைப் பார்வையாளர் நெடுநேரம் காணாத ஒரு காட்சியைத் தொய்வின்றி அமைப்பது எப்படி? அவளை முன்மேடைக்குக் கொண்டுவந்துவிடலாம் என்கிறார்கள் நண்பர்கள். கதவை எடுத்துவிட்டால் அவளுக்கு இழைக்கப்பட்ட கொடுமையில் பாதி மறைந்துவிடும் என்பது என் உறுதியான எண்ணம்.

தன்னோடு உறவு கொண்டவர்கள் என 60-க்கும் மேற்பட்ட ஆண்களை அவள் அடையாளம் காட்டியதும், வழக்கத்துக்கு மாறாக அவர்களும் விசாரிக்கப்பட்டதும், கதகளிக் கலைஞர் காவுங்கல் சங்கரப் பணிக்கர் உட்படப் பலர் அவளோடு சேர்த்துச் சாதியிலிருந்து விலக்கப்பட்டதும் இரண்டாம் பகுதியாக ஓரளவு வடிவம் பெற்றுவிட்டன.

மறைந்திருக்கும் பாத்திரத்தைக் குரலால் மட்டுமே நிலைநிறுத்திய மேடை அனுபவம் உள்ளவர்கள் வழிகாட்ட வேண்டுகிறேன். அக்கால மலையாள ஆவணங்களைப் படித்துப் பொருள் சொல்லக்கூடியவர்களும், நம்பூதிரிகளின் பேச்சைத் தமிழக அக்கிரகாரப் பேச்சாக மாற்றிவிடாமல் தமிழில் எழுதும் வழி அறிந்தவர்களும் இங்கேயே பதில் எழுதினால் மிகவும் நன்றியுடையவனாக இருப்பேன்.