புதுப்பிப்பு: ‘சுடர்’ என்றே பெயர் வைக்கிறோம்

பிறக்கவிருக்கும் குழந்தைக்கு, ஆணாயினும் பெண்ணாயினும், ‘சுடர்’ என்னும் பெயர் பொருந்துமா என்று முன்பு கேட்டிருந்தேன். அதையே உறுதி செய்துவிட்டோம். பெரும்பாலான தமிழ்ப் பெயர்கள் ‘அன்’, ‘இ’, ‘ஐ’ போன்ற ஈறுகளாலேயே பாலைக் காட்டிவிட, ரகர மெய்யில் முடியும் இப்பெயர் எப்பக்கமும் சாயாமல் நிற்பதும், ஞாயிறு, திங்கள் இரண்டையும் ‘இருசுடர்’ என்று சேர்த்தழைக்கும் பழைய வழக்கும் எங்களை ஈர்த்தன. ‘சுடுவதுபோல் ஒலிக்கிறதே’ என்று சிலர் தயங்கியது நியாயமே. ஆனால் 267ஆம் குறள், சுடச்சுட ஒளிரும் பொன்னைத்தானே துன்பத்தைத் தாங்கி நோற்பவர்க்கு உவமையாக்குகிறது! மெய்யெழுத்தில் முடியும் பெயரை நீட்டிக் கூப்பிட முடியாது என்ற குறையும் ‘சுடரே’ என்றதும் தீர்ந்துவிடுகிறது. பிறப்புச் சான்றிதழில் முன்னொட்டோ பின்னொட்டோ இன்றி இந்த மூன்றெழுத்து மட்டுமே இருக்கும்.