1391-ஆம் வருட அஸ்ட்ரோலேப் கொடைக்கானலில் நேரம் காட்டுமா?

மூஞ்சிக்கல்:
அஸ்ட்ரோலேப் என்பது சூரியன், நட்சத்திரங்களின் உயரத்தை அளந்து நேரம் பார்க்கும் பழைய வட்டக் கருவி. ஆங்கிலக் கவிஞர் ஜெஃப்ரி சாசர் தன் பத்து வயது மகனுக்காக 1391-இல் எழுதிய அஸ்ட்ரோலேப் கையேட்டைப் பின்பற்றிப் பள்ளிப் பிள்ளைகளுக்காக ஒன்று செய்கிறோம். அவருடைய தட்டு (வானக் கோடுகள் வரைந்த பகுதி) ஆக்ஸ்ஃபோர்டின் அட்சத்துக்கானது, 51 பாகை 50 கலை (60 கலை ஒரு பாகை). கொடைக்கானல் 10 பாகை 14 கலை. தட்டின் வெளிவட்டமான மகர வட்டத்துக்கு 100 மி.மீ. ஆரம் வைத்தால், தொடுவானக் கோடு எந்தக் காம்பஸிலும் அடங்கவில்லை. கணக்கில் தப்பா? பேசாமல் ஆக்ஸ்ஃபோர்டு தட்டையே வைத்து, வரும் நேரத்தில் கொஞ்சம் கூட்டிக் கழித்துக்கொள்ளலாமா?

வட்டக்கானல்:
கணக்கு சரி, காம்பஸ்தான் சின்னது. மகர வட்டம் 100 என்றால் நடுவரை வட்டம் (வானத்தின் பூமத்திய ரேகை) 65.6, கடக வட்டம் 43.1 மி.மீ. தொடுவான வட்டத்தின் ஆரம், நடுவரை ஆரத்தை அட்சத்தின் சைனால் வகுத்தால் வருவது. ஆக்ஸ்ஃபோர்டுக்கு 83தான், நமக்கு 369. பூமத்திய ரேகைக்கே போய்விட்டால் நேர்கோடு!

வரைய நூல் வேண்டாம், இழுபடும். வளையும் பிளாஸ்டிக் ஸ்கேல் போதும். தட்டின் மேல்பக்கம் தெற்கு. மையத்துக்கு 5.9 மி.மீ. கீழே ஒரு புள்ளி. நடுவரை வட்டம் கிழக்கு மேற்குக் கோட்டை வெட்டும் இடங்களில் இரண்டு. மகர வட்டத்தின் மேல், அதே கோட்டுக்கு 7.8 மி.மீ. மேலே இருபுறமும் இரண்டு. ஐந்தையும் தொட்டு ஸ்கேலை வளைத்து இழுங்கள். மற்ற உயரக் கோடுகளுக்கு (தொடுவானத்துக்கு மேல் எத்தனை பாகை என்று காட்டுபவை) காம்பஸே போதும்: 30 பாகைக் கோட்டின் மையம் 95.3 மி.மீ. மேலே, ஆரம் 83.8. 60 பாகைக்கு 61.9, 31.4.

கூட்டிக் கழிப்பது நடக்காது. மார்ச் 20 அன்று காலை உள்ளூர் 7 மணிக்கு இங்கே சூரியன் சுமார் 15 பாகையில் இருக்கும். ஆக்ஸ்ஃபோர்டு தட்டு 7.37 என்று சொல்லும். 9 மணிக்கு 44 பாகை. அந்தத் தட்டிலோ அன்றைய உச்சிப்பொழுதே 38 பாகைதான், ஆகவே 44-க்கு விடையே கிடையாது. அன்றைய ஐரோப்பியக் கைவினைஞர்கள் ஒரு கருவிக்குள் பல அட்சங்களுக்கான தட்டுகளை அடுக்கி வைத்தது இதனால்தான். எல்லா ஊருக்கும் ஒரே தட்டு என்ற வழியை 11-ஆம் நூற்றாண்டில் ஸ்பெயினின் டொலேடோவில் வானியலாளர் அல்-ஸர்காலி கண்டார். ஆனால் அதைப் படிக்கத் தனிப் பழக்கம் வேண்டும், பள்ளிப் பிள்ளைகளுக்கு அது சரிவராது.

பூம்பாறை:
தட்டு மட்டுமல்ல, வலைத்தட்டும் (தட்டின் மேல் சுழலும், நட்சத்திர முனைகள் உள்ள பகுதி) பழசு. அயனச்சலனத்தால் (பூமியின் அச்சு மெல்லத் திசை மாறுவதால்) 1391-லிருந்து நட்சத்திரங்கள் ஏறக்குறைய 9 பாகை நகர்ந்துவிட்டன. பின்புற நாட்காட்டி வளையத்தில் சாசர் மேஷத்தின் தொடக்கத்தை (பகலும் இரவும் சமமாகும் நாள்) மார்ச் 12-இல் வைத்திருக்கிறார், அது பழைய ஜூலியன் நாட்காட்டிக் கணக்கு. இன்று மார்ச் 20. இந்த இரண்டு பிழையும் ஒன்றையொன்று அடித்துவிடும் என்று நம்பிவிடாதீர்கள். இரவில் நட்சத்திரத்தை வைத்து நேரம் பார்க்கும்போது இரண்டும் ஒரே பக்கம் சேர்ந்து, கருவி ஏறத்தாழ ஒரு மணி நேரம் குறைத்துக் காட்டும். நட்சத்திர முனைகளை இன்றைய நட்சத்திரப் பட்டியலைப் பார்த்துப் புதிதாக வையுங்கள்.

மூஞ்சிக்கல்:
நன்றி. இனி தட்டைச் சரியாகச் செய்தால் கைக்கடிகாரத்தோடு ஒத்துவருமா?

வட்டக்கானல்:
வராது. இந்திய நேரம் 82.5 பாகைக்கு, நாம் 77 பாகை 28 கலையில் இருப்பதால் உள்ளூர் நேரம் 20 நிமிடம் பின்தங்கும். அதற்கு மேல் சூரியனின் சொந்த ஏற்ற இறக்கம்: பிப்ரவரி நடுவில் 14 நிமிடம் தாமதம், நவம்பர் தொடக்கத்தில் 16 நிமிடம் முந்தல்.

இன்னொன்று, இங்கிலாந்தில் வராத தொல்லை. ஏப்ரல் நடுவிலும் ஆகஸ்ட் கடைசியிலும் நண்பகலில் சூரியன் நம் தலைக்கு நேர் மேலே. பார்வைச் சட்டம் (இரண்டு துளைகளோடு பின்புறம் சுழலும் பட்டை) செங்குத்தாக நிற்கும்போது கருவியைத் தூக்கிப் பிடித்த கையே வெயிலை மறைக்கும். அந்த நாட்களில் காலை 10-க்கு முன்னால் அளந்துவிடுங்கள். துளை வழியாகச் சூரியனைக் கண்ணால் பார்க்கவே கூடாது. மேல்துளையில் நுழையும் ஒளி கீழ்த்துளையில் விழுகிறதா என்று மட்டும் பாருங்கள். துளை 1 மி.மீ. போதும்.

பூம்பாறை:
அட்டையில் செய்யாதீர்கள். நம் ஊர் மூடுபனியில் ஒரே வாரத்தில் ஊறி வளையும். 200 மி.மீ. விட்டத்தில் விளிம்பில் ஒரு பாகை 1.75 மி.மீ.தான், ஓரம் கொஞ்சம் நெளிந்தாலே ஒரு பாகை போய்விடும். 3 மி.மீ. அக்ரிலிக் ஷீட் நல்லது. காற்றில் ஆடாமலிருக்க அடிவிளிம்பின் நட்டநடுவில் ஒரு கனமான நட்டு திருகுங்கள். பக்கவாட்டில் விலகினால் எல்லா உயரமும் சேர்ந்து தப்பும்.